படகு சாய்த்த நாள்

தேர்வுக்காக ஆங்கிலச் சொற்களை மனப்பாடம் செய்துகொண்டிருக்கிறாள் மகள். "கரீன். வினைச்சொல். படகை ஒருபக்கமாகச் சாய்த்து அடிப்பாகத்தைச் சுரண்டுதல். இதெல்லாம் எவன்பா பேசுவான்?" என்று சிரிக்கிறாள். எனக்கோ திருவொற்றியூர் மணலின் சூடும், சுரண்டிப்போட்ட சிப்பி வெயிலில் அழுகும் நாற்றமும் ஏறி வருகின்றன.

எங்கள் குப்பத்தில் படகு சாய்க்க யாரையும் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. "தோள் குடுங்கப்பா!" என்று பொதுவாக ஒரு கத்தல். பகையாளியும் வந்துவிடுவான். வந்தால் அன்றோடு பகை தீர்ந்தது.

நைனாவும் சித்தப்பாவும் பேசாமலிருந்த வருஷம் அது. எங்கள் படகைச் சாய்க்கும் காலையில் சித்தப்பா சட்டையைக் கழற்றித் தலையில் கட்டிக்கொண்டு, அந்தக் கத்தலுக்காகக் காத்து நின்றார். நைனா கத்தவில்லை. ஒவ்வொருவராகப் பேர் சொல்லிக் கூப்பிட்டார்.

"இன்னாண்ணே, ரேஷன் கடையாட்டம் பேரு படிச்சிகினு கீற?" என்றான் பக்கத்து வீட்டு மணி. "அதோ நிக்கிறானே உன் தம்பி."

"ஆளு போதும்டா."

சித்தப்பா சட்டையை உதறிப் போட்டுக்கொண்டு நடந்தார். எண்ணூரில் மாமியார் வூட்டோடு தங்கிவிட்டார்.

மகள் அடுத்த சொல்லுக்குப் போய்விட்டாள். நான் இன்னும் மணலில்தான் நிற்கிறேன்.

வயதான பிறகு நைனா, சித்தப்பா தன் படகைச் சாய்க்கும் நாளை விசாரித்துக்கொண்டு எண்ணூருக்குப் போனார். பொழுது சாய்ந்து திரும்பினார். சட்டையில் ஒரு பொட்டு மண் இல்லை.

"கூப்புடலியா?" என்றாள் அம்மா.

"கத்துனான். எல்லாரையும்தான் கத்துனான்," என்றார் நைனா. "எனக்குத்தான் காலு வரல."