வெள்ளிக்கிழமை வரத்து

காசிமேடு மீன் துறைமுகத்தில் கூடை சுமந்து, பிறகு ஏலம் கூவி, அதற்குப் பிறகு சொந்தமாக இரண்டு விசைப்படகு விட்டவன் நான். படித்தது மூன்றாவது வரைக்கும்தான். ராயபுரத்தில் நான் கட்டியிருக்கும் மூன்று மாடி வீட்டைப் பார்ப்பவர்கள் அதை நம்புவதில்லை. இதையும் நம்ப மாட்டார்கள்: எந்தப் புது வெப் சீரிஸ் எப்போது வருகிறது என்று தெரிய வேண்டுமானால், எங்கள் தெருவில் காலேஜ் போகிற பிள்ளைகள்கூட என்னிடம்தான் கேட்கிறார்கள்.

அது ஏலக்காரன் கண். படகு துறைக்குள் நுழையும்போது எவ்வளவு தாழ்ந்து வருகிறது என்று பார்த்தே உள்ளே இருக்கும் சரக்கைச் சொல்லிவிடுவேன். சீரிஸுக்கு முன்னால் டிரெய்லர் விடுகிறார்களே, அதுவும் அப்படித்தான். கொஞ்ச நேரம் ஓடினால் போதும், தேறுமா தேறாதா என்று தெரிந்துவிடும். ஆங்கிலத்தில் போட்டிருக்கும் பெயரைப் படிக்க எனக்கு வராது. படத்தை அடையாளம் வைத்துக்கொள்வேன். மழையில் நிற்கிற போலீஸ்காரன், கிணற்றை எட்டிப் பார்க்கிற பெண், இப்படி. வெள்ளிக்கிழமை காலையில் டீ குடிப்பதற்கு முன்பே போனைத் திறந்து, புதுசாக என்ன இறங்கியிருக்கிறது என்று பார்த்துவிடுவேன்.

பொழுது போகாமல் கற்றுக்கொண்ட வித்தை இல்லை இது. என் மனைவிக்காகக் கற்றுக்கொண்டது.

அவள் கருவாடு விற்றவள். தரையில் குந்திக் குந்தியே முட்டி தேய்ந்துபோய், போன வருடம் ஆபரேஷன் செய்து புது முட்டி வைத்தார்கள். நடந்தால்தான் அது மடங்கும், படுத்தே கிடந்தால் இறுகிப்போகும், அப்புறம் நடையே இல்லை என்று டாக்டர் சொல்லி அனுப்பினார். அவளோ உள் அறைக் கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்துவிட்டாள். வலி ஒரு பக்கம். கடையை மூடியாகிவிட்டது, இனி நடந்து எங்கே போகப் போகிறோம் என்பது இன்னொரு பக்கம்.

கெஞ்சுவது என் பழக்கமில்லை. பெரிய டிவி ஒன்றை வாங்கி முன் ஹாலில் மாட்டினேன். கட்டிலிலிருந்து பார்த்தால் தெரியாது, எழுந்து வந்தால்தான் தெரியும். இயக்கச் சொல்லிக்கொடுத்தவள் மருமகள். ரிமோட்டில் மைக்கை அழுத்திப் பேசினால் அதுவே தேடிக் கொடுக்கிறது. முதல் நாள் நான் ஏலக் குரலில் பேசியதற்கு அது ஏதோ பக்திப் பாட்டைப் போட்டது.

"மாமா, அது உங்க கையிலதான் கீது, கடலுக்கு அந்தாண்ட இல்ல," என்றாள் மருமகள்.

வெள்ளிக்கிழமைதோறும் அறை வாசலில் நின்று கூவினேன்.

"இந்தாமே, புது சரக்கு எறங்கிகீது. கொல கேசு. எயுந்து வா."

"நீயே பாருய்யா. நான் இங்கியே கெடக்கறேன்."

ஒருநாள் வந்தாள். நாலு கால் வாக்கரைப் பிடித்து, என்னையும் டாக்டரையும் சேர்த்துத் திட்டிக்கொண்டே வந்து உட்கார்ந்தாள். கிணற்றை எட்டிப் பார்க்கிற பெண்ணின் கதை ஓடியது. இரண்டு பாகம் அசையாமல் பார்த்தாள். மறுநாள் நான் கூவாமலே வந்தாள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

அடுத்த வெள்ளிக்கிழமை வேறொன்று வந்தது. கிணற்றுக் கதையைப் பாதியில் விட்டுவிட்டுப் புதுசைப் போட்டேன். அதற்கடுத்த வெள்ளியும் அப்படியே. துறைமுகத்தில் ஊறிய புத்தி. இன்றைய மீனை இன்றே தள்ளிவிட வேண்டும், நேற்றைய மீனைக் கூவினால் பேர் கெட்டுப்போகும். சீரிஸுக்கும் அதுதான் சட்டம் என்று நினைத்துவிட்டேன்.

அவள் வருவதை நிறுத்திக்கொண்டாள். மறுபடி சுவர். பயிற்சி கொடுக்க வருகிற பெண் காலைப் பிடித்துப் பார்த்துவிட்டு, போன தடவை மடங்கிய அளவுகூட இப்போது மடங்கவில்லை என்றாள். நடுக்கடலில் எஞ்சின் நின்றபோதுகூட நான் அப்படிப் பயந்ததில்லை.

அந்த வெள்ளிக்கிழமை கூவவில்லை. கட்டில் ஓரத்தில் போய் உட்கார்ந்தேன்.

"இன்னாமே கோவம்? வாரா வாரம் புதுசு புதுசா எறக்கறேன். ஊர்ல எவன் பண்றான்?"

"எறக்கற. எதையாவது முடிச்சியா? அந்தப் பொண்ணு கெணத்தாண்ட நின்னுகினு கீதே, அது பொயச்சிச்சா செத்துச்சா? எனக்கு அதே நெனப்பா கீது."

"அது பழசாப் பூட்ச்சிமே. போன மாசத்து சரக்கு."

அவள் சுவரை விட்டு என் பக்கம் திரும்பினாள்.

"யோவ், உன் ஏலத்துல எவனும் கேக்காம ஒதுக்கிப் போட்ட மீன எடுத்தாந்து, உப்பு போட்டு காயவெச்சி வித்தவ நானு. இந்த வூட்டு மொத மாடி அதுல வந்தது. என்னாண்டயே வந்து பழசுன்றியா?"

எழுந்து போய் ஹாலிலிருந்து ரிமோட்டை எடுத்து வந்தேன்.

"சரி வா, போடறேன்," என்றேன்.

"நீ போடாத. ரிமோட்ட என் கையில குடுத்துட்டு அப்பால போ."

எழுந்தாள். கிணற்றுக் கதையை முதலிலிருந்து, முடிவு வரைக்கும், தினமும் ஹாலுக்கு நடந்து வந்து பார்த்து முடித்தாள். அதிலிருந்து அவளுக்கென்று ஒரு கணக்கு வைத்துக்கொண்டாள். வாரம் ஒரு பாகமாக விடுகிற சீரிஸை எல்லாப் பாகமும் வந்து சேருகிற வரைக்கும் தொடுவதில்லை. புதுசு வந்திருக்கிறது என்று நான் போய்ச் சொன்னால், "வந்துச்சா? காயட்டும்," என்பாள். எது வந்தது, எது தேறும், எது முழுதாக இறங்கிவிட்டது என்று பார்ப்பது இன்றைக்கும் என் வேலை. நான் சொல்லாமல் அவள் எதையும் எடுப்பதில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

போன வாரம் மாலையில், எதிர்வீட்டு மீன்காரம்மா தெருவிலிருந்தே குரல் கொடுத்தாள். கிணற்றுக் கதையில் குற்றவாளி கொழுந்தன்தான் என்று முதல் பாகத்திலேயே தனக்குத் தெரியுமாம்.

"இன்னாடி தெரியும் ஒனக்கு? அவன் எதுக்குப் பண்ணான்னு சொல்லு பாப்போம். முழுசா பாத்தியா நீ?" என்று கேட்டுக்கொண்டே என் மனைவி ஹாலைக் கடந்து, வாசற்படி இறங்கி, தெருவைத் தாண்டிப் போய்விட்டாள்.

வாக்கர் டிவிக்கு முன்னால் தனியாக நின்றுகொண்டிருந்தது.

டாக்டர் இதைத் தன் கைராசி என்று சொல்லிக்கொள்வார். சொல்லிக்கொள்ளட்டும். திரும்பி வரும்போது தேவைப்படலாம் என்று வாக்கரைத் தூக்கிக்கொண்டு போய் வாசல் கேட்டருகே நின்றேன். அங்கே சண்டை முடிகிற மாதிரி இல்லை. நின்று நின்று என் கால்தான் வலித்தது.