தங்கச்சி நேராக நடந்த நாள்

என் தங்கச்சிக்கு நேராக நடக்கச் சொல்லிக் கொடுத்தவள் நான்தான். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. கேட்டு முடிக்கும்போது உங்களுக்கே விளங்கும்.

கட்டுகஸ்தோட்டையில் அப்பாவுக்குச் சின்னதாக ஒரு சில்லறைக் கடை. கடை வாசலில் நின்று முறுக்குத் தின்றுகொண்டிருந்த தங்கச்சி மேல் ஒரு லொறி ஏறியது. பிரேக் பிடிக்கவில்லையாம். அவளுக்கு அப்போது ஐந்து வயது, எனக்குப் பத்து. கண்டி ஆஸ்பத்திரியில் மூன்று மாதம் கிடந்து வீட்டுக்கு வந்தபோது அவளுடைய இடது கால் ஒரு விரற்கடை குட்டையாகியிருந்தது.

வீட்டில் எல்லோரும் அவளுக்காக அழுதார்கள். நான் எனக்காக அழுதேன். வெள்ளிக்கிழமைகளில் அவளைக் கோவிலுக்கு நான்தான் கூட்டிப் போக வேண்டும். என் வகுப்புப் பிள்ளைகள் பின்னாலேயே நொண்டிக் காட்டிச் சிரிப்பார்கள். எனக்கு மானமே போய்விடும். அவள் கையை உதறிவிட்டுப் பத்தடி முன்னால் நடப்பேன். "அக்கா, நில்லுக்கா!" என்று கத்திக்கொண்டே வருவாள். காது கேளாதவள் மாதிரிப் போய்க்கொண்டே இருப்பேன்.

பிறகு ஒரு வழி கண்டுபிடித்தேன். நீளப் பாவாடையைக் கட்டிவிட்டு, இடது குதிகாலைத் தூக்கி விரல் நுனியில் நடக்கச் சொன்னேன். பாவாடை மறைத்துவிடுமே! அம்மா பார்க்காத நேரமாக, சிவப்புச் சிமெந்துத் தரையில், தலையில் சிலேட்டை வைத்துப் பழக்கினேன். சிலேட்டு விழுந்தால் தொடையில் ஒரு கிள்ளு. நான் தாடையைத் தொட்டால் குதிகாலைத் தூக்க வேண்டும். அது எங்கள் சைகை. ஒழுங்காக நடக்கிற அன்று மட்டும் கையைப் பிடித்துக் கூட்டிப் போவேன். கொஞ்ச நாளில் ராசாத்தி மாதிரி நடந்தாள். வீட்டுக்கு வந்ததும் காலைப் பிடித்துக்கொண்டு மூலையில் உட்கார்ந்துவிடுவாள். நடிக்கிறாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

லொறிக்காரர் மேல் போட்ட நட்டஈட்டு வழக்கு அடுத்த வருஷம் கண்டிக் கோர்ட்டில் விசாரணைக்கு வந்தது. கால் தெரிகிற மாதிரி சாதாரணக் கவுன் போட்டுக் கூட்டிவரச் சொல்லியிருந்தார் எங்கள் லோயர் ஐயா. அம்மா கேட்பாளா? "பெரிய மனுசங்க முன்னால பிச்சைக்காரப் புள்ள மாதிரியா நிப்பாட்டுறது?" என்று தீபாவளிப் பட்டுப் பாவாடையைக் கட்டிவிட்டு, தலையில் கனகாம்பரமும் வைத்தாள். எங்கள் ஆட்கள் அப்படித்தான். கோர்ட்டானாலும் கோவிலானாலும் நல்லதாக உடுத்தாமல் படியேற மாட்டோம்.

நீதிபதி அவளை நடந்து காட்டச் சொன்னார். இரண்டு அடி தத்தித் தத்தி வைத்தாள். பின்வரிசை வாங்கில் இருந்த யாரோ "அனே பவ்" என்று சிங்களத்தில் பரிதாபப்பட்டார்கள். எனக்கு உடம்பெல்லாம் கூசியது. அந்த நேரம் பார்த்துத் தங்கச்சி என் பக்கம் திரும்பினாள்.

நான் தாடையைத் தொட்டேன்.

அவ்வளவுதான். நிமிர்ந்து, நேராக, நீதிபதியின் மேசை வரைக்கும் போய்த் திரும்பினாள். அம்மா ஒன்றும் விளங்காமல் பூரித்துப் போனாள். எதிர்ப்பக்க லோயர் எழுந்து, டொக்டர் தந்த காகிதம் பழசு, பிள்ளைக்குச் சுகமாகிவிட்டது, எல்லோரும் கண்ணால் பார்த்தோமே என்றார். எங்கள் லோயர் எவ்வளவோ வாதாடினார். கடைசியில் கிடைத்த காசு, கொழும்பில் அவள் காலுக்குச் செய்யவிருந்த ஒப்பரேஷன் செலவில் பாதிக்குக்கூடக் காணவில்லை. அப்பா வராந்தாவில் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். களைப்பாக்கும் என்று நினைத்தேன்.

பஸ்ஸுக்கு நடக்கும்போது தங்கச்சி என்னிடம் ஒட்டிக்கொண்டு வந்தாள். நெற்றியெல்லாம் வேர்வை.

"நல்லா நடந்தேனாக்கா? கையப் பிடிச்சுக்குவியா?"

பிடித்துக்கொண்டேன். சத்தியமாகச் சொல்கிறேன், அன்று எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

அந்த ஒப்பரேஷன் நடக்கவேயில்லை. சுகமில்லாத பிள்ளை அன்றைக்கு மட்டும் எப்படி அப்படி நடந்தாள் என்று அப்பா சாகும்வரை கேட்டுக்கொண்டிருந்தார். தங்கச்சி என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை. பன்னிரண்டு வயதில் அவள் எவ்வளவு எம்பினாலும் அந்தக் கால் தரைக்கு எட்டவில்லை.

பிள்ளை வளரும், அந்தக் கால் வளராது என்பது எனக்கு அப்போது தெரியாது. சின்னப் பிள்ளைதானே என்று என்னை நானே மன்னித்துவிடலாம். ஆனால் அந்த வேர்வையைப் பார்த்தேனே.