மறிந்து வரும் நாள்

என் அண்ணன் இப்போதெல்லாம் என்னிடம் கெஞ்சுகிறான். இதை எழுதும்போதே எனக்கு இனிக்கிறது.

பாறசாலைப் பக்கத்தில் பிறந்து கடற்கரையில் வாழ்க்கைப்பட்டவள் நான். புருஷன் லத்தீன் கத்தோலிக்கர், வள்ளத்தில் மீன்பிடிக்கப் போகிறவர். அண்ணனுக்கு அது பெரிய மானக்கேடு. "எனக்குத் தங்கச்சி இல்ல" என்று டீக்கடையில் வைத்து எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னான். அப்பா மட்டும் அவ்வப்போது பஸ் ஏறி வந்து, மரச்சீனிக் கிழங்கும் மீன்குழம்பும் தின்றுவிட்டு, அண்ணனிடம் சொல்லாதே என்று சிரித்துக்கொண்டே போவார்.

அப்பா இறந்தபோது அண்ணன் எனக்குச் சொல்லவில்லை. எங்கள் பக்கத்தில் வீட்டுப் பெரியவர் போனால் வீட்டைச் சுற்றிய வளவின் தெற்கே நிற்கும் மாமரத்தை வெட்டித்தான் சிதை அடுக்குவார்கள். எரித்த இடத்தில் பிறகு தென்னங்கன்று நடுவார்கள். மரத்தில் கோடாலி வைக்கும் முன் கர்மம் செய்ய வந்தவர், "எல்லாரும் முகம் கண்டாச்சா?" என்று கேட்பது வழக்கம். அண்ணன் "கண்டாச்சு" என்றானாம். யாரோ போன் செய்து நான் ஓடி வந்தபோது புகைதான் மிச்சம் இருந்தது.

அந்தத் தென்னை காய்த்ததும், "அப்பாவாக்கும் காய்க்குது" என்று ஊரெல்லாம் தேங்காய் கொடுத்தான். எனக்கு ஒன்றும் வரவில்லை. அவன் குடி விளங்காமல் போகட்டும் என்று வயிறெரிந்து சொன்னேன். அதற்காக நான் வருத்தப்படவும் இல்லை.

பிறகு நாட்கள் மறிந்து, முன்னுக்குப் பின் புரள ஆரம்பித்தன. நெய்யாற்றின்கரை ஸ்டாண்டில் இன்னும் புறப்படாத பஸ் வந்து சேர்ந்தது. யாரும் போடாத வழக்குக்குக் கோர்ட்டில் தீர்ப்பு வந்தது. நாங்கள் சிரித்தோம். போன நாள் ஒன்று சட்டென்று யார் வளவுக்குள்ளாவது திரும்பி வரும், நடந்ததெல்லாம் மறுபடி நடக்கும், பிறகு போய்விடும். அதில் கை வைக்காதவரை கேடில்லை. ஒற்றசேகரமங்கலத்தில் ஒருவர், திரும்பி வந்த தன் கல்யாண நாளுக்குள் போய்க் கல்யாணத்தை நிறுத்திவிட்டார். சாயங்காலம் அவர் பிள்ளைகள் இல்லை. மறுநாள் அவர்கள் படித்த பள்ளிக்கூடம் இல்லை. இப்போது அந்த மலைச்சரிவே இல்லை. பஸ் வழி தெரியாமல் பாதியில் திரும்பி வருகிறது. அதற்குப் பிறகு யாரும் சிரிப்பதில்லை.

ஒரு காலையில் அண்ணன் போன் செய்தான். அத்தனை வருஷத்தில் முதல்முறை.

"மக்கா, தெக்க வெட்டுன மாமரம் திரும்ப நிக்குது. பக்கத்துல தென்னையும் நிக்குது. அப்பாவக் கிடத்தியிருக்கு. நீ வரண்டாம்."

"என்னத்துக்கு வரண்டாம்?"

"நீ முகம் கண்டா அந்த நாளு மாறிப்போவும். என் மக அதுக்குப் பெறவு பொறந்தவளாக்கும். அவ இல்லாமப் போயிருவா, மக்கா."

அன்றும் வரவிடவில்லை, இன்றும் வரவேண்டாம் என்கிறான். "வாறேன்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன்.

வடக்கு கேட்டுக்கு வெளியே போய் நின்றேன். தலையைத் தெற்கே வைத்துத்தான் கிடத்துவார்கள். அதனால் அங்கிருந்து அப்பாவின் கால்கள் மட்டும் தெரிந்தன. பித்தவெடிப்புப் பாதங்கள். அன்று பிறந்தே இராத அண்ணன் மகள் முற்றத்தில் ஓடி விளையாடிக்கொண்டிருந்தாள். அண்ணன் கேட்டருகே வந்து கைகூப்பினான். ரோட்டில் ஊரே கூடி நின்றது. அந்தக் கூப்பிய கையை நான் ஆசை தீரப் பார்த்தேன். அந்த நாளுக்குப் பிறகு எனக்கென்று பிறந்தது ஆத்திரம் ஒன்றுதான். அது அழிந்தால் எனக்கு என்ன போயிற்று?

"உனக்குத் தங்கச்சி உண்டாண்ணு இவங்ககிட்டச் சொல்லு."

"உண்டு" என்றான். வாய்க்குள்ளேயே சொன்னான்.

"கேக்கல்ல."

"எனக்குத் தங்கச்சி உண்டு!" என்று கத்தி அழுதான். பிறகு உள்ளே போய், கர்மம் செய்ய வந்தவர் கேட்டதற்கு "கண்டாச்சு" என்றான். மாமரத்தில் கோடாலி விழுந்தது.

அந்த நாள் அதோடு விடவில்லை. மறுபடி மறுபடி வருகிறது. ஒவ்வொரு முறையும் போகிறேன், ஒவ்வொரு முறையும் ரோட்டில் வைத்து அவனைச் சொல்ல வைக்கிறேன். அலுக்கவே இல்லை.

போன முறை அந்தக் குழந்தை ஓடி வந்து கேட்டைத் திறந்துவிட்டாள். என் விரலைப் பிடித்து இழுத்தாள்.

"உள்ள வாங்க அத்தே. பாட்டாவுக்க முகம் காணண்டாமா?"

அண்ணன் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். இன்னும் கொஞ்சம் நடந்தால் போதும், முகம் தெரிந்துவிடும். என் விரலைப் பிடித்திருந்த கையைப் பார்த்தேன். கட்டைவிரல் நகம் சப்பையாக இருந்தது, அப்பாவுக்கு இருந்ததுபோலவே. கையை விடுவித்துக்கொண்டு வெளியே வந்து கேட்டைச் சாத்தினேன்.

"உனக்காக இல்ல, இவளுக்காக்கும்" என்றேன் அண்ணனிடம். "அடுத்த தடவையும் நீ கூப்பிட்டுக் கெஞ்சணும்."

தலையாட்டினான். அவனை நான் மன்னிக்கவில்லை, மன்னிக்கவும் மாட்டேன். அப்பாவின் பாதங்களில் எந்த வெடிப்பு எங்கே என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். முகம்தான் கொஞ்சம் கொஞ்சமாக மறந்துகொண்டு வருகிறது.