'கட்' சொன்ன பிறகு

அந்தப் படத்தொகுப்பாளரைத் தொழிலில் எல்லோரும் 'கத்திரி' என்றே அழைத்தார்கள். ஈவிரக்கமில்லாதவர் என்று பேச்சு. திரையில் ஓடும் முகங்கள்மேல் அவருக்கு இரக்கம் உண்டு என்பதை அவருடைய உதவியாளனாக இருந்த நான் பார்த்திருக்கிறேன். அந்த முகங்களுக்குச் சொந்தக்காரர்களைப் பற்றி அவர் யோசித்ததாகத் தெரியவில்லை.

அவருடைய மச்சினன், மனைவியின் தம்பி, பல படங்களில் கூட்டத்தோடு நின்றவர், பிணமாகப் படுத்தவர். முதல் முறையாக ஒரு வேடம் கிடைத்தது: மகனின் சடலத்தைப் பார்க்கும் அப்பா.

"இதுல தேறலேன்னா நடிப்பையே விட்டுடுவான். பார்த்துச் செய்யுங்க," என்றாள் மனைவி.

எடிட்டிங் அறையில் ஒவ்வொரு டேக்காக ஓடியது. மச்சினன் மார்பில் அடித்துக்கொண்டு அழுதார்.

"பல்வலிக்காரன் மாதிரி அழறாரு. உங்க மச்சினனா இல்லேன்னா எப்பவோ தூக்கியிருப்பேன்," என்றார் இயக்குநர்.

"கொஞ்சம் பொறுங்க."

'கட்' சொன்ன பிறகும் கேமரா நிற்கும்வரை பதிவாகிற மிச்சத்தைப் பார்ப்பது கத்திரியின் வழக்கம். கடைசி டேக்கின் மிச்சத்தில் இயக்குநரின் குரல்: "யோவ், அழக்கூடத் துப்பில்லாம எதுக்குய்யா வர்றே?" சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். மச்சினனும் சேர்ந்து சிரிக்கப் பார்த்தார். வாய் பாதியில் நின்றுவிட்டது. கண்கள் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் தரையில் விழுந்தன.

கத்திரி ஒலியை நீக்கிவிட்டு, அந்த முகத்தைச் சடலத்துக்கு அடுத்து ஒட்டினார். இயக்குநர் இன்னொரு முறை ஓட்டச் சொன்னார்.

திரையரங்கில் மூக்குறிஞ்சும் சத்தம் கேட்டது. வெளியே வந்ததும், "என்னமா நடிச்சிருக்கேடா தம்பி!" என்று அக்கா கன்னத்தைத் தடவினாள்.

மச்சினன் கத்திரியைத் தனியே இழுத்தார். "மாமா, அது நான் நடிச்சதில்ல. அந்த ஆளு என்னைத் திட்டினப்போ…"

"ஜனம் அழுதுச்சா இல்லையா? வாயை மூடிக்கிட்டு இரு, மாப்ளே."

அடுத்த படத்துக்கு வேறொரு இயக்குநர் தேடி வந்து மச்சினனை அழைத்துப்போனார். படப்பிடிப்பிலிருந்து கத்திரிக்குப் போன் வந்தது.

"காலையிலேர்ந்து ஒண்ணும் தேறல, சார். வேற ஆளைப் போட்டுடலாமான்னு பாக்கறேன். அந்த முகத்தை இவர்கிட்டேர்ந்து எப்படி வாங்குனீங்க?"

மனைவி ஆவலாக அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். கத்திரி பால்கனிக்குப் போய்க் கதவைச் சாத்தினார்.

"எல்லார் முன்னாடியும் திட்டுங்க," என்றார். "கேமராவை மட்டும் நிறுத்திடாதீங்க."

சேதி இயக்குநர்களுக்குள் பரவியது. அதற்குப் பிறகு மச்சினனுக்கு வேலையில்லாத நாளே இருந்ததில்லை.