வட்டமாகிப் போன பந்து

சின்னமனூர் பேருந்து நிலையத்தில் என்னை வரவேற்கும் ஃப்ளெக்ஸைப் பார்த்தபடி நிற்கிறேன். அமெரிக்காவில் குடியேறி, அங்கே அமெரிக்கன் ஃபுட்பால் ஆடிப் பிழைக்கிறவன் நான். படத்தில் என் ஹெல்மெட்டைக் காணோம். கையிலிருந்த நீளப் பந்து காலடியில் வட்டப் பந்தாகிவிட்டது.

ஏன் இப்படி மாற்றினாய் என்று ஏணியில் நிற்கும் ஃப்ளெக்ஸ் கடைக்காரரிடம் சத்தம் போடுகிறேன். அவர் மேலிருந்தே பதில் சொல்கிறார்.

“தேங்காய அணைச்சுப் பிடிச்ச மாதிரி இருந்துச்சுண்ணே. ஊர்ல சிரிப்பாக. ஹெல்மெட்டு போட்டா மூஞ்சி தெரியாதுல்ல.”

“ஏப்பா, அது பந்தைக் கையில தூக்கிட்டு ஓடுற ஆட்டம்.”

“பெறகு ஏன் ஃபுட்பாலுங்கிறாக? நீங்களும் தூக்கிட்டு ஓடுவீகளா?”

ஒவ்வொரு முறை ஊருக்கு வரும்போதும் இதை விளக்கியே வாய் வலிக்கிறது.

“இல்ல. டீம்ல உதைக்கிற வேலை எனக்கு மட்டுந்தான்.”

அவர் கடைசிக் கயிற்றையும் இறுக்கிக் கட்டுகிறார்.

“அப்ப நான் போட்டது சரிதானண்ணே.”