பால்கனிச் சுவரில் ஏறிய தேரை

இரண்டு வருஷத்துக்கு முன், செப்டம்பர் மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில் நடந்தது இது. ஆவடி சேக்காட்டில், மூன்றாவது மாடியில் எங்கள் வீடு.

அதற்கு மூன்று நாள் முன்புதான் ஆபீஸ் தோழிகளோடு மேற்குத் தொடர்ச்சி மலைக்குப் போய் வந்திருந்தேன். போன இடம் அடர்ந்த மழைக்காடு. வழியில் ஒரு பெரிய மரம் விழுந்து கிடந்தது. அதில் பாசி மூடிய கட்டை ஒன்று, நடுவில் பொந்து, மேலே சின்ன ஆர்க்கிட் செடி. ஒடித்து, ஈரத் துணியில் சுற்றிப் பையில் போட்டுக்கொண்டேன். காட்டிலிருந்து எதையும் எடுக்கக் கூடாது என்று வாசலிலேயே போர்டு இருந்தது. விழுந்த மரம்தானே என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

கட்டையைப் பால்கனி நிழலில் வைத்து தினமும் தண்ணீர் தெளித்தேன். அந்த ஞாயிறு காலை, எங்கள் வீட்டில் வேலை செய்யும் அண்ணனூர்க்காரப் பெண் பால்கனியிலிருந்து கூப்பிட்டாள்.

"எக்கா, இங்க வந்து பாரேன். தேரை ஒண்ணு செவுத்துல ஏறிகினு கீது."

தேரை எங்கேயாவது சுவர் ஏறுமா என்று சிரித்துக்கொண்டே போனேன். ஏறிக்கொண்டுதான் இருந்தது. கட்டைவிரல் அளவுதான். பழுப்பு முதுகு, சொரசொரப்பு, பக்கவாட்டில் வெள்ளைக் கோடு, பட்டையான விரல் நுனிகள். தத்தவே இல்லை. ஏணியில் ஏறுகிற ஆள் மாதிரி ஒவ்வொரு காலாக நிதானமாக எடுத்து வைத்தது. கட்டையின் பொந்துக்குள் இருந்து எங்களோடு வந்திருக்கிறது என்று அப்போதுதான் உறைத்தது.

போட்டோ எடுத்து, தவளை, தேரைகளைப் பற்றி ஆராய்ச்சி செய்யும் என் காலேஜ் தோழிக்கு அனுப்பினேன். பதில் வரவில்லை.

"பாவம்க்கா, மாடியில இன்னா பண்ணும்? தண்ணில உட்டா பொழச்சிக்கும்" என்றாள் வேலைக்காரப் பெண். எனக்கும் அது நியாயமாகப் பட்டது. ஒரு டப்பாவில் எடுத்துப்போய், பக்கத்து ஏரிக்கரையில் விட்டோம். காலை பத்து மணி. ஏதோ நல்ல காரியம் செய்த திருப்தியோடு திரும்பினேன்.

மதியம் தோழி போன் செய்தாள். குரலே சரியில்லை.

"இது எங்கடி கிடைச்சுது?"

"எங்க பால்கனியில."

"விளையாடாதே. இது மழைக்காட்டு மரத்துல இருக்கிற தேரை. இத்தனை வருஷமா நான் காடு காடா தேடி, ரெண்டே தடவைதான் பார்த்திருக்கேன். இப்ப எங்க இருக்கு?"

சொன்னேன். "அந்த வெயில்லயா விட்டே?" என்று மட்டும் கேட்டாள்.

வேலைக்காரப் பெண்ணையும் கூட்டிக்கொண்டு ஏரிக்கு ஓடினேன். செப்டம்பர் வெயில் கரையைக் காய்ச்சி வைத்திருந்தது. புல்லை விலக்கி, கல்லைப் புரட்டி, ஒரு மணி நேரம் தேடினோம். அவள்தான் கண்டுபிடித்தாள். கரையில் தனியாக நின்ற கருவேல மரத்தில், முழங்கால் உயரத்தில், பட்டை வெடிப்புக்குள் ஒடுங்கி இருந்தது. தொட்டேன். சருகு மாதிரி காய்ந்து, செத்துப்போயிருந்தது. கண் மட்டும் திறந்திருந்தது.

தண்ணீர் பக்கத்திலேயே இருந்தும் அது மரத்தைத் தேடிப் போயிருக்கிறது.

"நான்தான்க்கா ஏரில உடச் சொன்னேன்" என்று அவள் அழ ஆரம்பித்தாள்.

"நீ இல்லைம்மா. கொண்டுவந்தது நான்" என்றேன்.

அன்று சாயங்காலம் தோழிக்கு எல்லாவற்றையும் மறைக்காமல் சொன்னேன். அவள் திட்டியிருந்தால்கூட மனசு ஆறியிருக்கும், திட்டவில்லை. இன்றைக்கும் யாருக்காவது உதவி செய்யக் கை நீளும்போது, அவர்களுக்கு உண்மையில் என்ன வேண்டும் என்று முதலில் கேட்கிறேன். அந்தத் தேரையிடம் கேட்க எனக்குத் தெரியாமல் போனதே என்ற குற்ற உணர்வு மட்டும் இன்னும் என்னை விட்டுப் போகவில்லை.