எக்ஸ்பிரஸ் அக்காவின் அவரைத் தொட்டிகள்

பேருந்தில் ஏறுகிற ஆள் வாயைத் திறப்பதற்குள் அவர் எங்கே இறங்குவார் என்று சொல்லிவிடுவாள் எக்ஸ்பிரஸ். கையில் எக்ஸ்ரே கவர் இருந்தால் ஆஸ்பத்திரி நிறுத்தம். ஷூவில் சிமெண்ட் படிந்திருந்தால் புதுப் பாலம். பூங்கொத்தோடு வியர்த்து வழிந்துகொண்டு நிற்கிற இளைஞன் என்றால் பெண்கள் விடுதி, சந்தேகமே வேண்டாம். டிக்கெட்டைக் கிழித்துக் கையில் திணித்துவிட்டு அடுத்த ஆளிடம் போய்விடுவாள். பெரும்பாலும் சரியாகத்தான் இருக்கும். தப்பான டிக்கெட் வாங்கிய ஒன்றிரண்டு பேரும், அவள் போகிற வேகத்தைப் பார்த்துவிட்டு, சரி, அங்கேயே இறங்கிக் கொஞ்ச தூரம் நடந்துகொள்ளலாம் என்று பேசாமல் இருந்துவிடுவார்கள்.

எக்ஸ்பிரஸ் என்பது டிப்போவில் வைத்த பெயர். காலில் வெந்நீரைக் கொட்டிக்கொண்டே பிறந்தவள் அவள். கண்டக்டர் வேலைக்கு அது ஒரு வரம். வீட்டுக்கு அது சரிப்பட்டு வரவில்லை.

வீட்டில் இருந்தவர் சலூன்காரர், அவள் கணவர். வாய் ஓயாத மனிதர். அவர் முடி வெட்டிய நேரத்தைவிட, கத்தரிக்கோலை அந்தரத்தில் தூக்கிப் பிடித்துக்கொண்டு கதை சொன்ன நேரம்தான் அதிகம். பாதி வெட்டிய தலையோடு உட்கார்ந்திருக்கிற ஆள், ஆபீசுக்கு நேரமாகிறதே என்ற கவலையே இல்லாமல், "அப்புறம் என்னாச்சு?" என்று கேட்பார். அப்படி ஒரு காலையில், ஒரு கதையின் நடுவிலேயே கத்தரிக்கோல் கீழே விழுந்தது. வலது கை தொங்கிவிட்டது. வாய் கோணிக்கொண்டது. பக்கவாதம் என்றார்கள்.

பிழைத்து வந்தார். மெல்ல நடக்கவும் செய்தார். பேச்சு மட்டும் திரும்பவில்லை. மனதுக்குள் எல்லாம் இருந்தது, வார்த்தைதான் தொண்டை வரை வந்து நின்றுகொண்டது. "எ... எ..." என்று அவர் ஆரம்பிப்பார். அதற்குள் எக்ஸ்பிரஸ் தண்ணீரோடு வந்து நிற்பாள். அது இல்லை என்று தலையசைத்தால் போர்வை. போர்வையும் இல்லையென்றால் மாத்திரை, மின்விசிறி, செய்தித்தாள் என்று வீட்டில் இருப்பதையெல்லாம் வரிசையாகக் கொண்டுவந்து காட்டுவாள். கடைசியில் மனிதர் அலுத்துப்போய் ஏதாவது ஒன்றுக்குச் சரி என்றுவிடுவார். தாகமே இல்லாமல் அவர் குடித்த தண்ணீருக்குக் கணக்கே கிடையாது. அவளுக்கு அது அன்பு. அன்புதான், இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் முண்டியடித்துக்கொண்டு ஏறுகிற அன்பு அடுத்தவர் காலை மிதித்துவிடுகிறது.

கடையை அவள் தம்பி பார்த்துக்கொண்டான். "மாமா வந்து பேசினாதான்கா அது கடை. நான் வெட்டுறது வெறும் முடி," என்றான். இந்த மனிதர் பழையபடி பேச வேண்டும். அதைத் தவிர அவளுக்கு வேறு ஆசையே இல்லாமல் போயிற்று.

பேச்சுப் பயிற்சிக்கு அவரை ஒரு பெண்ணிடம் கூட்டிப்போனாள். சின்ன வயது, அதிராத குரல். வார்த்தைக்குப் பயிற்சி கொடுத்தாள், அதோடு கைக்கும் ஒரு வேலை கொடுத்தாள். கொஞ்சம் அவரை விதைகளும் நாலைந்து தொட்டிகளும் வாங்கிக்கொள்ளுங்கள், வலது கை விரலால் ஒவ்வொரு விதையாக எடுத்து மண்ணுக்குள் அழுத்தட்டும் என்றாள். கிளம்பும்போது எக்ஸ்பிரஸிடம், "அக்கா, அவர் பேச ஆரம்பிச்சா, முடிக்கிற வரைக்கும் நீங்க வாயைத் திறக்காதீங்க," என்றாள்.

"அதெல்லாம் நான் பாத்துக்குறேன்," என்றாள் எக்ஸ்பிரஸ், அந்தப் பெண் முடிப்பதற்குள்.

பால்கனியில் தொட்டிகளை வைத்தார்கள். விதையைப் பிடிப்பதற்குள் அவருக்கு உயிர் போய் உயிர் வந்தது. அது நழுவும், உருளும், நாற்காலிக்கு அடியில் ஓடும். எப்படியோ எல்லாவற்றையும் மண்ணுக்குள் அனுப்பினார். மறுநாள் காலை டியூட்டிக்குக் கிளம்புமுன் எக்ஸ்பிரஸ் தொட்டிக்குள் விரலை விட்டுத் துழாவினாள். விதை அப்படியே கிடந்தது. மறுபடி மூடினாள். அடுத்த நாளும் துழாவினாள். அதற்கடுத்த நாள் விதை ஊறிப் பருத்து, ஓரத்தில் வெள்ளையாக ஏதோ எட்டிப் பார்த்தது. சந்தோஷத்தில் வெளியே எடுத்து வெளிச்சத்தில் பார்த்தாள். அந்த வெள்ளை முனை அவள் நகத்தோடு வந்துவிட்டது.

விதைக் கடைக்காரரிடம் சண்டைக்குப் போனாள். "என்ன விதை விக்கிறீங்க? ஒண்ணுகூட முளைக்கல."

"எப்ப போட்டீங்க?"

"இந்த வாரந்தான்."

"இன்னும் கொஞ்ச நாள் ஆகும்கா. மேல வர்ற வரைக்கும் கையை வைக்காம இருந்தா போதும்."

"கையை வைக்காம எப்படிங்க தெரியும், உள்ள என்ன நடக்குதுன்னு?"

கடைக்காரர் அவளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு இன்னொரு பாக்கெட்டைக் கொடுத்து அனுப்பினார். அந்தப் பாக்கெட்டுக்கும் அதே கதிதான்.

இப்படியே மாதங்கள் ஓடின. அவர் விரலில் கொஞ்சம் பிடிமானம் வந்தது. பேச்சு "எ... எ..."யைத் தாண்டவில்லை, அதாவது வீட்டில். ஒரு நாள் பயிற்சி முடிந்ததும் அந்தப் பெண் எக்ஸ்பிரஸைத் தனியாகக் கூப்பிட்டாள்.

"அக்கா, தப்பா நெனைக்காதீங்க. அடுத்த தடவையிலேருந்து நீங்க வெளியிலயே இருங்க. நீங்க போன வாரம் டியூட்டின்னு வராம இருந்தீங்கல்ல, அன்னைக்கு அவர் முழுசா ஒரு வாக்கியம் பேசினார்."

"பேசினாரா? என்ன பேசினார்?"

"அதை அவரே சொல்லட்டுமே."

எக்ஸ்பிரஸுக்கு முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. யாருக்காக இத்தனை ஓட்டம்? ஊர் பேர் தெரியாத பெண்ணிடம் பேசுவாராம், கட்டியவளிடம் தண்ணீர் குடித்துக்கொண்டே இருப்பாராம். வருகிற வழியெல்லாம் அவள் வாய் திறக்கவில்லை. கோபம் வந்தால்தான் அவள் வாய் மூடும் என்பது அவருக்குத் தெரியும், அவரும் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே வந்தார்.

வீட்டுக்குள் நுழைந்ததும் நேற்றுக் கழற்றிப் போட்ட யூனிஃபார்ம் சட்டையை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனாள். துணி துவைப்பது கல்யாணமான நாளிலிருந்து அவர் வேலை, இடது கையாலேயே இப்போதும் சமாளித்துவந்தார். இன்றைக்கு அவர் உதவி அவளுக்கு வேண்டாம். சட்டையை வாஷிங் மெஷினுக்குள் எறிந்தாள். சட்டைப் பையிலிருந்த விசில் எகிறிப் போய் மெஷினுக்குப் பின்னால் விழுந்தது. குனிந்து அதைக் கையில் எடுத்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

மெஷினுக்கும் ஜன்னலுக்கும் இடையில் ஒரு தொட்டி. அதிலிருந்து ஓர் அவரைக் கொடி கிளம்பி, தண்ணீர்க் குழாயைச் சுற்றி, ஜன்னல் கம்பியைப் பிடித்து, கம்பிக்கு வெளியே தலையை நீட்டிக்கொண்டிருந்தது. ஊதா நிறத்தில் இரண்டு பூ. அவள் நகம் படாத இலைகள்.

பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. அவர் கதவைப் பிடித்தபடி நின்றார். திருடும்போது பிடிபட்ட முகம்.

"எ..." என்றார்.

தண்ணீர் என்று அவள் கால் ஒரு எட்டு எடுத்து வைத்தது. ஏதோ நினைத்துக்கொண்டவளாய், கையிலிருந்த விசிலை எடுத்துப் பல்லுக்கு நடுவில் கடித்துக்கொண்டாள். ஊதவில்லை.

"எ... டுத்து..." அவர் நெற்றியில் நரம்பு புடைத்தது. மின்விசிறியா, மாத்திரையா, உட்கார வேண்டுமா என்று அவள் நாக்கு துடித்தது. விசிலை இன்னும் இறுக்கிக் கடித்தாள். பயிற்சிக்காரப் பெண்ணையும் கடைக்காரரையும் மனதுக்குள் திட்டினாள். தெருவில் ஒரு வண்டி வந்து, நின்று, போயும் விட்டது.

"எடுத்து... ஒளிச்சு... வெச்சேன்."

இவள் கண்ணில் தண்ணீர் கட்டிக்கொண்டது. அவர் விடவில்லை.

"உ... உன்... கிட்டேயிருந்து."

சொல்லிவிட்டு அவர் சிரித்தார், வாய் இன்னும் ஒரு பக்கமாகத்தான் போயிற்று. எக்ஸ்பிரஸ் விசிலை வாயிலிருந்து எடுத்தாள். சிரிப்பும் அழுகையும் ஒன்றாக முட்டிக்கொண்டு வந்தன. எத்தனை நாள், எத்தனை "எ..."! அத்தனையையும் அவள்தான் தோண்டி எடுத்துக் கிள்ளிப் போட்டிருக்கிறாள். அது அவளுக்கு நன்றாகவே உறைத்தது.

"இதைத்தான் அந்தப் பொண்ணுகிட்டயும் சொன்னீங்களா?"

ஆமாம் என்று தலையசைத்தார்.

"அவ்வளவுதானா, முடிஞ்சுதா?"

இல்லை என்று தலையாட்டினார். இடது கையால் குழாயைக் காட்டி, கொடியைக் காட்டி, ஏதோ பெரிய விஷயத்துக்கு முன்னால் மூச்சு வாங்கிக்கொள்கிறவர் போல மூச்சு வாங்கிக்கொண்டார்.

"இ... இன்னும்... இருக்கு."

அடுப்பில் எதுவும் வைக்கவில்லை. மாலை டியூட்டிக்கு இன்னும் நேரம் இருந்தது. நேரம் இல்லாமலிருந்தாலும்தான் என்ன? எக்ஸ்பிரஸ் வாஷிங் மெஷினில் முதுகைச் சாய்த்துத் தரையில் காலை நீட்டி உட்கார்ந்துகொண்டாள்.

"அப்புறம் என்னாச்சு?" என்றாள்.